இருபதாவது டிக்கெட்

மார்ச் 3

என் ஆட்சியைக் கவிழ்த்த அருமை மருமகளுக்கு, பதவி இழந்த தாய்மாமன் எழுதிக்கொள்வது.

நலம். வலது காலில் மாவுக்கட்டு. எடை சுமார் இரண்டு டன். நேற்று புரண்டு படுத்தேன், உன் அம்மா வீட்டுச் சுவரில் விரிசல் விட்டுவிட்டது. அவளுக்கு ஒரு கண்ணில் கட்டு, மறு கண்ணில் இன்னும் எடுக்காத புரை. ஆள் நிழலாகத்தான் தெரிகிறதாம். கால் இல்லாத அண்ணனும் கண் தெரியாத தங்கையும் குடித்தனம் நடத்துகிறோம். காபி டம்ளர் என் கைக்கு வந்து சேர்வதற்குள் மூன்று பருவம் மாறிவிடுகிறது.

போனில் பேசாமல் ஏன் கடிதம் என்று கேட்பாய். போனில் என் பேச்சு பிடிக்காவிட்டால் வைத்துவிடுகிறாய். கடிதத்தை அப்படி வைக்க முடியாது, படித்துத்தான் ஆகவேண்டும்.

என் காதுக்கு வந்த சேதி உண்மையா? முப்பத்தொரு வருஷம் சிவப்புக் குடையைத் தூக்கிக்கொண்டு ராஜவீதி முழுக்க நான் நடத்திய நடைச் சுற்றுலாவைப் பதினைந்து நாளில் திருத்தி எழுதிவிட்டாயாம். பட்டத்துக் குதிரை தும்மியதில் கிரீடம் ஆற்றைத் தாண்டி விழுந்த கதையை எடுத்துவிட்டாயாம். மகாராணி உப்பரிகையிலிருந்து பார்த்த பார்வையில் எதிரி விமானம் வெட்கப்பட்டுத் திரும்பியதையும் எடுத்துவிட்டாயாம். எடுத்துக்கொள். ராஜ்யமே போனபின் குதிரை எதற்கு?

இரண்டை மட்டும் தொடாதே. ஒன்று, அரண்மனை நிலவறைக்குள் இருபது பேர்வரை போகலாம் என்று தீயணைப்புத் துறை அனுமதித்தாலும் பத்தொன்பது டிக்கெட்டுக்கு மேல் விற்காதே. இரண்டு, எல்லாரும் வெளியே வந்ததும் வாசலில் நின்று நான் சொல்லும் மகாராஜா உத்தரவைச் சொல்லாமல் கதவைப் பூட்டாதே.

ஏன் என்று கேட்காதே. கேட்டால் பொய் சொல்வேன்.

ஒற்றைக்கால் சக்கரவர்த்தி,
உன் மாமா

மார்ச் 7

அன்புள்ள மாமா,

சுவர் விரிசல் நான் பள்ளிக்கூடம் போன காலத்திலிருந்தே இருக்கிறது.

உங்கள் மேல் கோபம் இல்லை என்று எழுதத்தான் ஆரம்பித்தேன். பொய் எழுதுவது நம் வீட்டில் ஒருவரோடு போதும் என்று அடித்துவிட்டேன். சுற்றுலா அலுவலகத்தின் நோட்டீசை எனக்குத் தெரியாமல் அரிசி டப்பாவில் ஒளித்து வைத்தது நீங்கள். ஒரே சுற்றில் பதினேழு பொய் என்று யாரோ வரிசை எண் போட்டுப் புகார் கொடுத்திருக்கிறார்கள். துப்பாக்கிச் சுவரில் நாற்பத்தேழு குண்டுத் தடம் இருக்கிறது, நான் விரல் வைத்து எண்ணினேன். நீங்கள் நாலாயிரம் என்கிறீர்கள். உரிமம் போகவிருந்தது. நான் பரீட்சை எழுதி என் பெயரில் வாங்கியதால்தான் சிவப்புக் குடை இன்னும் தெருவில் நடமாடுகிறது.

உங்கள் 'உத்தரவை'யும் எடுத்துவிட்டேன். விளம்பரத் தாளைக் குழலாகச் சுருட்டி ஊ என்று ஊதி, "வானம் தெளிந்தது! அபாயம் நீங்கியது! உள்ளே இருப்போர் வெளியே வரலாம், வெளியே வந்தோர் வீடு போகலாம்!" என்று நடுத்தெருவில் கத்த என்னால் முடியாது மாமா. எதிர்க் கடைக்காரர் சிரிக்கிறார். அவர் கடையைத் தாண்டித்தான் நான் தினமும் வீட்டுக்குப் போகவேண்டும்.

டிக்கெட் இன்னும் இருபது விற்கவில்லை, அவ்வளவு கூட்டமும் இல்லை. ஆனால் ஒன்று கேட்கவேண்டும்.

செவ்வாய் காலை பதினேழு பேரை எண்ணி நிலவறைக்குள் இறக்கினேன். குதிரை லாயத்துக்கு அடியில் ஒரே படிக்கட்டு, ஒரே கதவு, அது உங்களுக்கே தெரியும். வெளியே வந்ததும் எண்ணினேன். பதினெட்டு. தெருவில் போன யாரோ கலந்துவிட்டார் என்று நினைத்தேன். புதன்கிழமை பதினான்கு பேர் இறங்கினார்கள், பதினைந்து பேர் ஏறினார்கள். நேற்று ஒன்பது, பத்து.

முகம் முகமாகப் பார்த்தால் எல்லாரும் என்னோடு இறங்கியவர்கள்தான். மொத்தமாக எண்ணினால் ஒன்று கூடுகிறது. இது உங்கள் குறும்பு என்றால் எப்படிச் செய்கிறீர்கள் என்று மட்டும் சொல்லிவிடுங்கள்.

உங்கள் தங்கை மகள்

மார்ச் 10

மருமகளே,

அரிசி டப்பா விஷயத்தில் நான் குற்றவாளிதான். தூக்குமேடை தயார் செய். கயிறு கொஞ்சம் நீளமாக இருக்கட்டும், என் புகழுக்கு ஏற்றபடி.

ஒன்று கூடுகிறது என்று எழுதியிருக்கிறாய். நீ கணக்கில் எப்போதும் கொஞ்சம் அப்படித்தான். நான்காம் வகுப்பில் உனக்கு நான் கொடுத்த பன்னிரண்டு நெல்லிக்காயைப் பதின்மூன்று என்று... இல்லை. இந்தப் பத்தியை விட்டுவிடு. மூன்று முறை எழுதிக் கிழித்தேன், சிரிப்பே வரவில்லை. உன் மாமாவுக்குச் சிரிப்பு வராத நாள் நாட்காட்டியில் சிவப்பு மையில் அச்சடிக்க வேண்டிய நாள்.

கண்ணு, உத்தரவைச் சொல்லு. கடைக்காரர் சிரித்தால் சிரிக்கட்டும். முப்பத்தொரு வருஷமாக அவர் சிரித்துத்தான் பல்லெல்லாம் வெளியே வந்திருக்கிறது. ஊத வெட்கமாக இருந்தால் ஊதாதே, வாய்க்குள்ளேயாவது சொல். ஒன்று கூடுவது பெரிய விஷயமில்லை. கூடியதை வீட்டுக்கு அனுப்பாமல் விடுவதுதான் தப்பு.

இருபதாவது டிக்கெட்டை விற்காதே. கையெடுத்துக் கும்பிட்டு எழுதுகிறேன். கும்பிட்ட கையால் எழுதுவது எவ்வளவு கஷ்டம் என்று எழுத்தைப் பார்த்தாலே தெரியும்.

மாமா

மார்ச் 16

மாமா,

உங்கள் கடிதம் வரும்முன்பே நடந்துவிட்டது. விடுமுறை நாள், கூட்டம் வந்தது, இருபது டிக்கெட் விற்றேன்.

இருபது பேர் இறங்கினார்கள். இருபது பேர் ஏறினார்கள். மூன்று தடவை எண்ணினேன், மூன்று தடவையும் இருபதுதான். இத்தனை நாள் கூடிய ஒன்று அன்றைக்குக் கூடவில்லை. எனக்கு வந்த சந்தோஷத்தைச் சொல்ல முடியாது. வழக்கம்போல விளக்கடித்து நிலவறையின் உள்ளறையைப் பார்த்தேன், பெஞ்சு காலி, பூட்டினேன். மாமாவின் கதையெல்லாம் இவ்வளவுதான் என்று சிரித்துக்கொண்டே வீட்டுக்குப் போனேன்.

மறுநாள் காலை ஒரு பெண் அலுவலகத்துக்கு வந்தாள். "நேத்து எங்க அண்ணன் உங்க டூருக்கு வந்தாருங்க. இன்னும் ரூமுக்கு வரலை. நீங்க எண்ணித்தானே கூட்டிட்டுப் போவீங்க?" என்றாள். அவள் அண்ணன் ஓய்வுபெற்ற தபால்காரர், நீலத் தொப்பி போட்டிருந்தவர். "எண்ணினேங்க, எல்லாரும் வந்தாங்க" என்று சொல்லிக்கொண்டே சாவியை எடுத்தேன். இருபது வெளியே வந்தது சரி. அந்த இருபதில் ஒன்று எப்போதும் கூடும் ஒன்று என்றால்?

ஓடிப்போய்த் திறந்தேன். முந்தின நாள் நான் விளக்கடித்துப் பார்த்த அதே பெஞ்சில் முழங்காலைச் சேர்த்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பசி, பயம் ஒன்றும் இல்லை.

"ஐயா, எழுந்திருங்க."

"சங்கு ஊதிட்டாங்களா?"

"என்ன சங்கு?"

"அபாயம் நீங்கின சங்கும்மா. ஊதாம எப்படி வெளியே போறது? நாங்க வந்து பத்து நிமிஷம்தானே ஆச்சு."

நாங்க என்றார். பக்கத்தில் யாரும் இல்லை. அவருடைய தங்கை என் பின்னால் நின்று அழுதுகொண்டிருந்தாள். அவரைக் கிளப்பவேண்டுமே என்று, "ஊதிட்டாங்க ஐயா, வாங்க" என்றேன். உடனே எழுந்து வந்தார். படியேறியதும் கையிலிருந்ததை என்னிடம் நீட்டினார். ஒரு தகர வில்லை, நடுவில் ஓட்டை, 33 என்று எண் அடித்தது. நம் டிக்கெட் காகிதம் மாமா. உங்களுக்குத் தெரியாதா?

உங்களுக்கு முன்பே தெரியும். எனக்கு அதுதான் பொறுக்கவில்லை. என்னிடம் பட்டத்துக் குதிரை தும்மியதை நாற்பது விதமாகச் சொன்னீர்கள். இதை ஒரு விதமாகக்கூடச் சொல்லவில்லை.

தங்கை மகள்

மார்ச் 19

மருமகளே,

பட்டத்துக் குதிரை இல்லாமல் எழுதுகிறேன். பழக்கமில்லை, பொறுத்துக்கொள்.

போர்க்காலத்தில் அந்த நிலவறையின் காவலாளி உன் தாத்தா. அபாயச் சங்கு ஊதினால் ராஜவீதிக்காரர்கள் அங்கே இறங்கவேண்டும். உள்ளே போகும்போது ஆளுக்கொரு தகர வில்லை கொடுப்பார், வெளியே வரும்போது திரும்ப வாங்கிப் பெட்டியில் போடுவார். கொடுத்ததும் வந்ததும் சரியாக இருந்தால் பூட்டலாம். அதுதான் அவருடைய ஒரே வேலை.

கடைசித் தாக்குதல் நடந்தது ஒரு பிற்பகல். நாற்பது வில்லை கொடுத்தார். அன்றைக்குச் சங்குக் கட்டடத்தின் மேலேயே குண்டு விழுந்துவிட்டது. அபாயம் நீங்கிய சங்கு ஊதவே இல்லை. வானம் அமைதியானதும் இவராகக் கதவைத் திறந்தார். பெரும்பாலோர் வந்தார்கள். சங்கு ஊதாமல் வரமாட்டேன் என்று ஒருவர் உட்கார்ந்துகொண்டார். சட்டத்தை மதிக்கிறவர். அதே நேரத்தில் உன் தாத்தாவுக்கு வீட்டிலிருந்து ஆள் வந்தது, மனைவிக்கு வலி எடுத்துவிட்டது என்று.

அப்படியே விட்டுவிட்டு ஓட முடியாது, கணக்கு ஒன்று குறையும். யாருக்கும் கொடுக்காமல் மிச்சமிருந்த வில்லைகளில் ஒன்றை எடுத்துப் பெட்டியில் போட்டு நாற்பதாக்கினார். பூட்டினார். வீட்டுக்கு ஓடினார். அன்று பிற்பகல் மனித குலத்துக்குக் கிடைத்த மாபெரும் பேறு நான்தான். இந்த வரியில்கூட எனக்கு மிகைப்படுத்த மனம் வரவில்லை என்பதைக் கவனி.

குண்டில் ஆட்டம் கண்ட கட்டடங்கள் அன்றிரவே சரிந்து, மறுநாள் அந்தத் தெருவே இடிபாடு, கதவு அதற்கு அடியில். போர் முடிந்து கதவை வெட்டித் திறக்க ஆறு வருஷம் ஆயிற்று. உள்ளே யாரும் இல்லை, எதுவும் இல்லை. பெஞ்சு மட்டும் உட்கார்ந்து உட்கார்ந்து வழுவழுப்பாகத் தேய்ந்திருந்தது. உன் தாத்தா என்னிடம் இதைச் சாகும்போது சொன்னார். ஒரே ஒருத்தர்டா, ஒரே ஒருத்தர் என்று திரும்பத் திரும்பச் சொன்னார்.

அதனால்தான் வழிகாட்டியானேன். அதனால்தான் ஊதினேன். அந்த ஒருவருக்கு ஒரு இடம் விட்டு, வெளியே வந்ததும் உத்தரவு சொல்லி அனுப்புவேன். பொய் உத்தரவுதானே, பாதி வழியில் சந்தேகம் வந்து திரும்பிவிடுவார் போலிருக்கிறது. மறுநாள் மறுபடி ஒன்று கூடும். பதினேழு பொய்க்கு நடுவே இந்த ஒரு நிஜத்தை வைத்தால் யாரும் கண்டுபிடிக்கமாட்டார்கள் என்று நினைத்தேன். நீ பொய்களை எடுத்தாய், இது வெளியே தெரிந்துவிட்டது.

மாவுக்கட்டைப் பிரித்துவிட்டார்கள். அடுத்த வாரம் வியாழக்கிழமை காலைச் சுற்றுக்கு வருகிறேன். பதினெட்டு டிக்கெட் விற்றுவை, நான் பத்தொன்பது. உள்ளறைக்குப் போய் நேருக்கு நேர் நானே பேசி அனுப்புகிறேன். அன்றைக்கு நீ உத்தரவு சொல்லாதே. என்னால் வந்த வினை, என் வாயால் தீரட்டும்.

மாமா

மார்ச் 27

அன்புள்ள மாமா,

சொல்லிக்கொள்ளாமல் போய்விட்டீர்களே. விடைபெறவே அரை மணி நேரம் எடுத்துக்கொள்கிறவர் நீங்கள். வாசலில் ஒரு தடவை, தெருமுனையில் ஒரு தடவை, பஸ் ஜன்னலில் ஒரு தடவை என்று.

உங்களோடு சேர்த்துப் பத்தொன்பது பேரை இறக்கினேன். பத்தொன்பது பேர் ஏறினார்கள். ஒன்று கூடவில்லை, ஆகவே நீங்கள் பேசி அனுப்பிவிட்டீர்கள் என்றுதான் நினைக்கவேண்டும். கணக்கு சரியாக வந்ததே எனக்குப் பிடிக்கவில்லை. உள்ளறையில் விளக்கடித்தேன், கூப்பிட்டும் பார்த்தேன், யாரும் இல்லை.

கும்பலுக்குப் பின்னால் உங்கள் பழுப்புக் கோட்டைப் பார்த்தேன், கைத்தடியைப் பார்த்தேன். "மாமா!" என்று கத்தினேன், திரும்பவில்லை. நேராகப் பஸ் நிலையத்தின் பக்கம் போனீர்கள். முகத்தை நான் பார்க்கவில்லை. கைத்தடியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நொண்டாமல் நடந்தீர்கள். கால் அவ்வளவு சீக்கிரம் குணமாகிவிட்டதா?

ஒரு வாரத்துக்குச் சுற்றுலா கிடையாது, அரண்மனையில் வெள்ளையடிக்கிறார்கள். ஊர் போய்ச் சேர்ந்ததும் இரண்டு வரி எழுதுங்கள். பொய்யாக இருந்தாலும் பரவாயில்லை.

தங்கை மகள்

மார்ச் 29

நலம். வந்து சேர்ந்தேன். வெளிச்சம் அதிகம். சாப்பாடு கொடுத்தார்கள். சங்கு ஊதினால் தெரிவிக்கவும்.

மார்ச் 31

மாமா,

இந்தக் கடிதத்தை எந்த விலாசத்துக்கு அனுப்புவது என்று தெரியவில்லை. அதனால் கையிலேயே எடுத்துப்போய் வாசலில் நின்று படிக்கப்போகிறேன்.

தபால் அட்டை வந்தது. கையெழுத்து உங்களுடையது போலத்தான் இருக்கிறது. ஆனால் ஐந்து வாக்கியத்தில் ஒரு புளுகுகூட இல்லை. வெளிச்சம் அதிகம் என்று எழுதியிருக்கிறது. நீங்களாக இருந்தால் உன் அம்மா வீட்டு வெயிலில் சூரியனே குடை பிடித்துக்கொண்டு வருகிறது என்று எழுதியிருப்பீர்கள்.

அம்மாவுக்குப் போன் செய்தேன். "அண்ணன் வந்துட்டாருடி. வந்ததிலேர்ந்து மூலையிலே உட்கார்ந்திருக்காரு. வாயே திறக்கலை. போட்டதைச் சாப்பிடுறாரு, குறை சொல்லலை. கண்ணு தெரியலையேன்னு முதல் தடவையா வருத்தமா இருக்கு, இந்த அதிசயத்தைப் பார்க்க முடியலை" என்றாள். போனைக் கொடு என்றேன். கொடுத்தாள். மறுமுனையில் ஒரு குரல், மெதுவாக, மரியாதையாக, "ஊதியாச்சுங்களா?" என்றது.

உங்களுக்குப் பதிலாக அங்கே யார் உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள் என்று எனக்குத் தெரியும். நீங்கள் எங்கே உட்கார்ந்திருக்கிறீர்கள் என்பதும் தெரியும்.

கதவைத் திறந்துவிட்டேன். காலை பத்து மணி. எதிர்க் கடைக்காரர் பார்த்துக்கொண்டிருக்கிறார். விளம்பரத் தாளைச் சுருட்டிவிட்டேன். ஊதிவிட்டுச் சொல்லப்போகிறேன். உங்களைப் போலவே தொண்டை கிழியச் சொல்லப்போகிறேன்: ஏழு கடலுக்கும் எட்டாவது கடலுக்கும் அதிபதியான, தும்மினால் கிரீடம் பறக்கும் குதிரையை உடைய மகாராஜாவின் உத்தரவு! வானம் தெளிந்தது! அபாயம் நீங்கியது! உள்ளே இருப்போர் வெளியே வரலாம், வெளியே வந்தோர் வீடு போகலாம்!

வாங்க மாமா.

ஏப்ரல் 3

என் வாரிசே, ராஜகுரலாளே,

நீ ஊதிய ஊதலில் அரண்மனை ஓடுகள் பறந்துபோய்ப் பக்கத்து நாட்டில் மழையாகப் பெய்தன. என் காதில் இன்னும் ரீங்காரம். படியேறி வந்ததும் என்னைக் கட்டிக்கொண்டு அழுதாயே, அந்தக் கண்ணீரில் கைத்தடி இல்லாமலே நீந்திப் பஸ் நிலையம் சேர்ந்தேன். நாலாயிரம் வருஷம் உள்ளே இருந்துவிட்டேன் என்று கடைக்காரரிடம் சொன்னேன். அவர் சிரித்தார். எனக்கு உண்மையில் கால் மணி நேரம்தான்.

இங்கே வந்தால் மூலை நாற்காலி காலி. அன்று காலை பத்து மணிக்கு அண்ணன் சட்டென்று எழுந்து தட்டைக் கழுவிவைத்துவிட்டு, "வர்றேம்மா" என்று சொல்லிப் போனதாக உன் அம்மா சொல்கிறாள். ஏழு தலைமுறையில் தட்டைக் கழுவிய முதல் ஆண் பிள்ளை என்று தெருவெல்லாம் சொல்லி வைத்திருக்கிறாள். நான் மறுக்கவில்லை. நாற்காலியில் என் கோட்டு மடித்து வைத்திருக்கிறது. மேலே கைத்தடி. கோட்டுப் பையில் ஒரு தகர வில்லை, எண் 40. இந்தத் தடவை பாதி வழியில் திரும்பவில்லை என்று நினைக்கிறேன். அவர் ஒருவராவது வீடு போய்விட்டார்.

அவரை நான்தான் அனுப்பினேன். குளிருகிறது என்றார், கோட்டைக் கொடுத்தேன். போகப் பயமாக இருக்கிறது, ஊன்றிக்கொள்ள ஏதாவது வேண்டும் என்றார், தடியைக் கொடுத்தேன். பிறகு நான் கிளம்ப எழுந்தபோது எனக்கே தோன்றியது, சங்கு ஊதாமல் எப்படிப் போவது என்று. அது அவ்வளவு நியாயமாகத் தோன்றியது மருமகளே.

இனி எழுதுவதில் குதிரை கிடையாது.

ஒரே ஒருத்தர் என்று உன் தாத்தா சொன்னார். எதையும் பெருக்கியே பழகிய குடும்பம் இது. ஒரே ஒரு இடத்தில் மட்டும் குறைத்துச் சொல்லியிருக்கிறது. அவர் மிச்சத்திலிருந்து எடுத்துப் பெட்டியில் போட்டது ஒரு வில்லை அல்ல, ஒரு கைப்பிடி.

அவர் எழுந்து போனபிறகும் எனக்கு உட்கார இடம் இல்லை. பெஞ்சு நிறைந்திருந்தது. நொண்டிக்கொண்டு நிற்கிறேனே என்று ஒரு அம்மா நகர்ந்து இடம் கொடுத்தார். விளக்கில் என் முகத்தைப் பார்த்ததும் எல்லாருக்கும் பழகிய முகம்போல ஒரு மலர்ச்சி. எனக்கு என் அப்பாவின் ஜாடை என்று உன் அம்மா அடிக்கடி சொல்வாள்.

"வந்துட்டீங்களா? நாங்கதான் போங்கன்னு சொன்னமே, ஏன் இவ்வளவு அவசரமா ஓடி வந்தீங்க?" என்றார் அந்த அம்மா. "என்ன குழந்தை?"

பையன் என்றேன். பெஞ்சு முழுக்கக் கைதட்டினார்கள்.

தட்டியவர்களை எண்ணினேன். பதினோரு பேர். நாளையிலிருந்து ஒன்பது டிக்கெட்டுக்கு மேல் விற்காதே.

மாமா